கோடிக்கல்லின் அடியும் தலையும்

எங்கள் ஏரியில் நான் தண்ணீர் பார்த்ததைவிடக் கிரிக்கெட் பார்த்ததுதான் அதிகம். செஞ்சியிலிருந்து நடந்தே போகிற தூரம். கரை மேல் ஏறி நின்றால் ஒரு பக்கம் கோட்டை மலைகளின் உருண்டைப் பாறைகள் தெரியும், இன்னொரு பக்கம் சீமைக் கருவேலம் தெரியும். நடுவே வெடித்த வண்டல். சித்திரை, வைகாசியில் காற்று அடித்தால் அந்த வண்டல் பொடியாகக் கிளம்பி காயப்போட்ட துணியிலும் சோற்றுப் பானையிலும் கண் இமையிலும் வந்து உட்காரும். பள்ளமான இடங்களில் உவர் பூத்து வெள்ளையாகக் கிடக்கும். பாலை என்று தனியாக ஒரு நிலம் கிடையாது, மற்ற நிலங்கள் காய்ந்துபோனால் அதுதான் பாலை என்று பள்ளிக்கூடத்தில் சொல்லிக் கொடுத்தார்கள். அதை நான் மனப்பாடம் செய்ய வேண்டியிருக்கவில்லை, வாசலைத் திறந்தாலே தெரிந்தது.

இந்த ஏரியை வெட்டியது எந்த ராஜா என்று கேட்டால் ஆளுக்கு ஒரு ராஜாவைச் சொல்வார்கள். கோட்டையை ஆண்டவர்கள் அத்தனை பேர் இருக்க, யாரோ ஒருவர் வெட்டியிருப்பார். வெட்டியவர் பெயர் யாருக்கும் தெரியாது. கெடுத்தவர்கள் பெயர் எல்லோருக்கும் தெரியும், ஆனால் சொல்ல மாட்டார்கள், ஏனென்றால் அதில் எல்லோரும் உண்டு. மலையிலிருந்து தண்ணீர் வரும் வரத்துக் கால்வாயின் மேல் ஒரு கல்யாண மண்டபம் வந்தது. அதில் நாங்களும் போய்ச் சாப்பிட்டோம். வண்டலைச் செங்கல் சூளைக்கு அள்ளினார்கள். அந்தச் செங்கல்லில்தான் ஊரே வீடு கட்டியது. கரைக்குக் கீழே கிணறுகளுக்குள் போர் இறக்கியதும் ஏரித் தண்ணீரின் தயவு யாருக்கும் தேவைப்படவில்லை. பிறகு போரும் வற்றியது. கோழிக் கடைக்காரர்கள் இறகு மூட்டையைக் கொண்டுவந்து கொட்டினார்கள். பெய்கிற மழை எங்கே போவது என்று தெரியாமல் பஸ் ஸ்டாண்டு பக்கம் போய் நின்றது.

அடுத்தவரைக் குற்றம் சொல்ல எனக்கு வாயில்லை. எங்கள் வீடே ஏரிக்குள்தான் இருந்தது. ஏரியில் தண்ணீர் பரவி நிற்கிற பக்கத்தை உள்வாய் என்பார்கள். அந்த உள்வாயின் ஓரத்தில், ரோட்டை ஒட்டிய மேட்டில், இருபது வீடுகள். சொந்தமாக ஒரு சென்ட் நிலம்கூட இல்லாதவர்கள் ஒவ்வொருவராக வந்து போட்டவை. என் அப்பாவை நாங்கள் நைனா என்று கூப்பிடுவோம். அவர் அனந்தபுரம் பக்கத்திலிருந்து கொத்து வேலைக்குச் செஞ்சி வந்தவர். கடைசியாக வந்ததால் மேட்டில் இடமில்லை, சரிவின் அடியில்தான் கிடைத்தது. அரசாங்கக் கணக்கில் அந்த இடத்தின் பெயர் ஏரிப் புறம்போக்கு. நானோ செஞ்சியில் பத்திரம் எழுதிப் பிழைக்கிறவள். ஊரார் நிலத்துக்கெல்லாம் நான்கு எல்லை எழுதுகிறேன். வாத்தியார் பிள்ளை மக்கு, வைத்தியர் பிள்ளை சீக்கு என்பார்கள். பத்திரம் எழுதுகிறவளின் வீட்டுக்குப் பத்திரம் கிடையாது.

பத்திரம்தான் இல்லையே தவிர, வேறொன்று இருந்தது. நைனா போட்ட மட்டம்.

அதைச் சொல்வதற்கு முன் கோடி என்றால் என்ன என்று சொல்லிவிட வேண்டும். ஏரி நிரம்பினால் மிச்சத் தண்ணீர் வழிந்து வெளியேற, கரையின் ஒரு கோடியில் தாழ்வாகக் கல் கட்டி விட்டிருப்பார்கள். புத்தகத்தில் அதைக் கலங்கல் என்று எழுதுவார்கள். எங்கள் பக்கத்தில் கோடி. ஏரி நிரம்பி வழிந்தால் "ஏரி கோடி போவுது" என்பார்கள். எங்கள் கோடியில் தளத்தின் மேல், ஆளுக்கு முட்டி உயரத்தில், வரிசையாகக் கருங்கற்கள் நட்டிருக்கும். இரண்டு கல்லுக்கு நடுவில் ஒரு ஆள் ஒருக்களித்துப் போகிற இடைவெளி இருக்கும். ஏன் நட்டிருக்கிறது என்று நைனா யாரையும் கேட்கவில்லை. தண்ணீர் கற்களின் அடியில் இடுக்கு வழியாக ஓடுவதை அவர் பார்த்தார். ஆகவே ஏரியின் முழு மட்டம் கல்லின் அடி என்று முடிவு செய்தார். அந்த ஊரில் நிலம் உள்ளவராக இருந்திருந்தால் கேட்காமலே தெரிந்திருக்கும். கூலிக்கு வந்தவருக்கு யார் கூப்பிட்டுச் சொல்லப் போகிறார்கள்.

கடைக்கால் போடுவதற்கு முன், கோடியின் மட்டத்தை வீடு வரைக்கும் கொண்டுவர வேண்டும் என்று அவருக்குத் தோன்றியிருக்கிறது. கொத்தனார்களிடம் ட்யூப் மட்டம் இருக்கும். கண்ணாடி மாதிரி தெரிகிற ஒரு நீள ட்யூபில் தண்ணீர் ஊற்றி, இரண்டு முனையையும் இரண்டு பேர் தூக்கிப் பிடித்தால், இங்கே எவ்வளவு உயரமோ அங்கேயும் அவ்வளவு உயரத்தில்தான் தண்ணீர் நிற்கும். அதை வைத்து ஒரு வீட்டுக்குள் சுவருக்குச் சுவர் மட்டம் எடுப்பார்கள். நைனா அதை வைத்து ஏரியைக் குறுக்கே அளந்தார். அம்மா ஒரு முனை, அவர் ஒரு முனை. ஒரு முளை அடிப்பது, மட்டம் பார்ப்பது, கோடு கீறுவது, அடுத்த முளைக்குப் போவது. ட்யூபுக்குள் காற்றுக்குமிழி நின்றால் மட்டம் பொய் சொல்லும் என்று விரலால் தட்டித் தட்டி வெளியே தள்ளுவாராம். கருவேல முள்ளுக்குள் புகுந்து இப்படி வீடு வரைக்கும் வந்துவிட்டு, சந்தேகத்துக்காக வீட்டிலிருந்து திரும்பக் கோடி வரைக்கும் போயிருக்கிறார்கள். புறப்பட்ட கோட்டுக்கும் வந்து சேர்ந்த கோட்டுக்கும் ஒரு விரல் தடிமன்தான் வித்தியாசமாம். மேட்டு வீட்டுக்காரர்கள் சிரித்திருக்கிறார்கள். அம்மா சாகும்வரைக்கும் அந்த முள் குத்தின கதையைச் சொல்லிக்கொண்டிருந்தார்.

அந்த மட்டத்துக்கு ஓர் அடி மேலே நைனா தரை போட்டார். நாங்கள் குடிவந்த பிறகு ஏரி இரண்டு தடவைதான் கோடி போனது. இரண்டு தடவையும் தண்ணீர் வாசல்படி வரை வந்து, தரைக்கு முக்கால் அடி கீழே நின்றுவிட்டுத் திரும்பிப் போனது. இரண்டாவது தடவை அவர் படியில் உட்கார்ந்து பீடி பிடித்தபடி, வந்து நிற்கிற தண்ணீரைப் பார்த்துக்கொண்டிருந்தார். சொல்லி வைத்து வரவழைத்த விருந்தாளியைப் பார்க்கிற முகம். அதற்கப்புறம் ஏரி நிரம்பவே இல்லை. நிரம்புகிற ஏரி என்பதையே ஊர் மறந்தது.

கரைக்குக் கீழே நிலம் வைத்திருந்தவர்கள் சில வருஷங்களுக்கு முன் என்னிடம் வந்தார்கள். கிணறெல்லாம் வற்றிவிட்டது, ஏரியைத் தூர் வாரிக் கொடுக்கச் சொல்லி ஒரு மனு எழுத வேண்டும் என்றார்கள். எழுதினேன். நன்றாகவே எழுதினேன். என் எழுத்தில் எனக்கு ஒரு கர்வம் உண்டு, மறைப்பானேன். கருவேலத்தை அகற்றுவது, வரத்துக் கால்வாயைத் திறப்பது எல்லாம் எழுதிவிட்டு, கடைசியில் "ஏரியை அதன் பழைய முழுக் கொள்ளளவுக்கு மீட்டுத்தர வேண்டும்" என்று முடித்தேன். பழைய என்ற சொல்லைப் போடும்போது எனக்கு எந்தச் சந்தேகமும் வரவில்லை. எந்தப் பழைய, யாருடைய பழைய என்று நான்தான் யோசித்திருக்க வேண்டும். அடுத்தவர் பத்திரத்தில் இப்படி ஒரு சொல் இருந்தால் அடித்துவிட்டுத் திருப்பி எழுதச் சொல்லியிருப்பேன்.

கையெழுத்து நிறைய வேண்டும் என்றார்கள். மேட்டுக்காரர்கள் எல்லோரும் போட்டார்கள். நைனாவுக்குக் கையெழுத்து மட்டும் தெரியும், படிக்கத் தெரியாது. நான் விரல் வைத்துக் காட்டிய இடத்தில் அவரும் போட்டார். ஏரியில் தண்ணீர் வந்தால் நல்லதுதானே என்றார்.

மனு பலித்தது. மனுக்கள் பலிப்பதில்லை என்பதுதான் என் தொழில் அனுபவம், ஆகவே நானே ஆச்சரியப்பட்டேன். வேலைக்கான மதிப்பீட்டின் நகல் ஒன்று எங்கள் கைக்கு வந்தது. டீக்கடையில் வைத்து எல்லோருக்கும் நான்தான் படித்துக் காட்டினேன். அதில் ஒரு வரி, கோடியில் உள்ள கற்களின் தலைமட்டம் வரை கான்கிரீட் சுவர் அமைப்பது என்று இருந்தது. எனக்குப் புரியவில்லை. பக்கத்தில் மேல்சித்தாமூர்க்காரர் ஒருவர் உட்கார்ந்திருந்தார். சமணர், வயதானவர், மனைவி வழியில் எங்கள் ஏரிக்குக் கீழே நிலம் வந்தவர். அவரைக் கேட்டேன்.

அவர் பொறுமையாக விளக்கினார். கல் நட்டிருப்பதே அதற்குத்தானாம். ஐப்பசி, கார்த்திகையில் வெள்ளம் வரும்போது இடுக்கைத் திறந்து விட்டுவிடுவார்களாம், கரை உடையாமல் இருக்க. தை பிறந்து மழை பயம் போனதும் கல்லுக்குக் கல் நடுவில், வேர்மண்ணோடு வெட்டிய புல் கரணையும் களிமண்ணும் வைத்து அடைத்து, மிச்ச ஓட்டத்தைக் கல்லின் தலை வரைக்கும் நிறுத்திக்கொள்வார்களாம். அந்த ஒன்றரை அடித் தண்ணீரில்தான் கடைசி நடவு விளையுமாம். போர் வந்த பிறகு அடைக்கிற வேலையை எல்லோரும் விட்டுவிட்டார்கள்.

"ஏரியோட முழு மட்டம் கல்லு தலைதாம்மா. அடி இல்ல" என்றார்.

டீ கையில் இருந்தது. ஒன்றரையிலிருந்து ஒன்றைக் கழிக்க எவ்வளவு நேரம் ஆகும். எங்கள் தரைக்கு மேலே அரை அடித் தண்ணீர் நிற்கும் என்று அந்த நிமிஷமே எனக்குத் தெரிந்தது. அதுவும் தையில் மட்டும் அடைக்கிற களிமண் இல்லை, வருஷம் பூராவும் நிற்கிற கான்கிரீட். வல்லவன் வகுத்ததே வாய்க்கால் என்று ஊரைத் திட்டுகிற நான், காகிதத்தை மடித்துக் கொடுத்துவிட்டு ஆபீசுக்கு வந்தேன்.

ஏன் சொல்லவில்லை என்று என்னை நானே பல தடவை கேட்டிருக்கிறேன். காரணங்கள் உண்டு. கீழே கிணறுகள் வற்றிக் கிடந்தன, அது பொய் இல்லை. வீடு முழுகும் என்று ஆட்சேபம் எழுதினால், வீடு ஏரிக்குள் இருக்கிறது என்று நானே எழுத்தில் ஒப்புக்கொண்டதாகும். எப்படியும் நிரம்பப்போகாத ஏரி. இவை எல்லாம் நியாயமான காரணங்கள். நிஜமான காரணம் வேறு. ஏரியைக் காப்பாற்றின அம்மா என்று அப்போது ஊரில் எனக்கு ஒரு பேர் வந்திருந்தது. பஸ்ஸில் இடம் கொடுத்தார்கள். அது எனக்குப் பிடித்திருந்தது. சொல்ல வெட்கமாக இருக்கிறது, ஆனால் அதுதான்.

நைனாவுக்கு அதற்குள் முட்டி போய்விட்டது. கோடி வரைக்கும் நடக்க முடியாது. வேலை நடக்கிற சத்தம் மட்டும் வீட்டுக்குக் கேட்கும். ஒருநாள் சாப்பிடும்போது கேட்டார்.

"கோடில இன்னா வேல நடக்குது?"

பழுது பார்க்கிறார்கள் என்றேன்.

"கல்லு மேல கை வெக்கலியே?"

"இல்ல நைனா" என்றேன்.

அது உண்மை. கல்லை யாரும் தொடவில்லை. கல்லுக்கும் கல்லுக்கும் நடுவில்தான் கான்கிரீட் போட்டார்கள். பத்திரம் எழுதுகிறவளிடம் இந்த மாதிரி உண்மைகள் நிறைய கைவசம் இருக்கும். அவர் தலையை ஆட்டிவிட்டு ரசம் கேட்டார்.

அடுத்த கார்த்திகையில் ஒரு புயல் கரையேறி, போகிற வழியை மறந்ததுபோல எங்கள் தலைக்கு மேலேயே நின்றுவிட்டது. இரண்டு நாள் ஊற்றியது. பஜாரில் இடுப்பளவு தண்ணீர், கரண்ட் கிடையாது. திறந்துவிட்ட கால்வாய் வழியாக மலைத் தண்ணீர் முழுக்க ஏரிக்கு வந்தது. வருஷக்கணக்கில் ஆடும் பந்தும் திரிந்த இடத்தில் அலை அடித்தது. இரண்டாம் நாள் காலையில் வெளிச்சம் வந்து பார்த்தபோது கருவேலம் வெட்டின கட்டைகள், செருப்புகள், கோழி இறகு எல்லாம் மிதந்து எங்கள் கீழ்ப்படியை முட்டிக்கொண்டிருந்தன.

நைனா கட்டிலை விட்டு எழுந்துவந்து படியில் உட்கார்ந்துகொண்டார். சாமான்களை மேட்டு வீட்டுக்கு ஏற்றலாம் என்றேன். வேண்டாம் என்றார். இரண்டாம் படி போயிற்று. "இதோட நிக்கும் பாரு" என்றார். நிற்கவில்லை. மூன்றாம் படியும் போய்த் தரையின் விளிம்பைத் தண்ணீர் தொட்டபோது அவர் காலைத் தூக்கிக்கொண்டார். வெள்ளம் வாசலில் ஏறும்போது சத்தம் போடும் என்று நினைத்திருந்தேன். அது செருப்பைக் கழற்றிவிட்டு வருகிறவரைப் போல வந்தது. நானும் மேட்டு வீட்டுக்காரர்களும் அரிசி, பீரோவில் இருந்த துணி, அம்மா படம், ரேஷன் கார்டு எல்லாவற்றையும் எடுத்தோம். நைனாவை இரண்டு பேர் நாற்காலியோடு தூக்கினார்கள். மேட்டு வீட்டில் எங்களுக்கு ஒரு அறை ஒழித்துக் கொடுத்தார்கள்.

மழை விட்ட அன்று ஊரே கோடிக்கு வந்தது. மேளம், கற்பூரம், ஒரு ஆடு, ஐம்பது செல்போன். சுவருக்கு மேலே வெள்ளையாகத் தண்ணீர் வழிந்துகொண்டிருந்தது. எங்கிருந்தோ நாரைகள்கூட வந்துவிட்டன. அழகாகத்தான் இருந்தது. மேல்சித்தாமூர்க்காரர் என் கையில் ஒரு எலுமிச்சம்பழத்தைக் கொடுத்து, கிணற்றில் தண்ணீர் கைக்கு எட்டுகிற மாதிரி நிற்பதாகச் சொன்னார். உன் கைராசி அம்மா என்று யாரோ சொன்னார்கள். வேலியில் போன ஓணானை எடுத்து மடியில் விட்டுக்கொண்டவளுக்கு மாலை போடாததுதான் பாக்கி. எலுமிச்சம்பழத்தை வாங்கிக்கொண்டு வந்தேன்.

மூன்று நாள் கழித்து வழிவது நின்றது. ஏரி, கோடிச் சுவரின் தலைக்குச் சரியாக, தட்டு மாதிரி அசையாமல் நின்றது. அன்று மத்தியானம் நைனாவிடம் சொன்னேன். மறைத்ததில் பாதி, மறைக்காததில் பாதி என்று கலந்து சொல்லத்தான் முதலில் நினைத்தேன். ஆனால் தான் போட்ட மட்டத்தில்தான் தப்பு வந்துவிட்டது என்று அவர் காலையிலிருந்து தனக்குத்தானே சொல்லிக்கொண்டிருந்தார். ட்யூபில் குமிழி இருந்திருக்கும், அம்மா முனையைத் தாழ்த்திப் பிடித்திருப்பாள் என்றார். செத்துப்போன அம்மாவின் கை மேல் பழி போகிறதைக் கேட்டுக்கொண்டு உட்கார என்னால் முடியவில்லை. கல் எதற்கு நட்டது என்பதையும், சுவர் எதுவரைக்கும் கட்டினார்கள் என்பதையும், அதை நான் டீக்கடையிலேயே படித்ததையும் சொன்னேன். மனுவின் கடைசி வரியையும் சொன்னேன்.

திட்டுவார் என்று காத்திருந்தேன். அவர் ஒன்றுதான் கேட்டார்.

"கல்லு எவ்ளோ ஒசரம்?"

"ஒன்றரை அடி நைனா."

டேப்பை எடுக்கச் சொன்னார். அந்த முட்டியோடு, என் தோளைப் பிடித்துக்கொண்டு, கலங்கின தண்ணீருக்குள் இறங்கி வீட்டுக்குள் வந்தார். சுவரை ஒட்டி, கட்டிலின் தலைமாட்டுப் பக்கம் டேப்பைத் தரையில் ஊன்றி, நுனியை அவரே பிடித்துக்கொண்டு, எண்ணை என்னைப் படிக்கச் சொன்னார். ஆறு அங்குலம். நான்கு மூலையிலும் வைக்கச் சொன்னார். நான்கிலும் ஆறு, ஒரு மூலையில் மட்டும் கொஞ்சம் குறைவு, ஒரு விரல் தடிமன். அவர் முகத்தில் அப்போது வந்த நிம்மதியை நான் வேறு எப்போதும் பார்த்ததில்லை. முழங்கால் தண்ணீரில் கூட அல்ல, கணுக்கால் தண்ணீரில், சுவர் ஊறி உப்பிக்கொண்டிருந்த வீட்டில், அந்த மனிதர் சந்தோஷமாக நின்றார். எனக்கு அழுகை வந்தது, அழுதேன்.

"மட்டம் சரியாதான் இருக்குது. உங்க அம்மா கையி ஆடல" என்றார்.

மண் சாந்து வைத்துக் கட்டின சுவர், பதினைந்து நாளில் ஒரு பக்கம் உட்கார்ந்துவிட்டது. ஏரி இன்னும் வற்றவில்லை. நாங்கள் பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் வாடகை வீட்டில் இருக்கிறோம். மாற்று இடம் கேட்டு விண்ணப்பம் எழுதினேன். எழுதித்தான் ஆக வேண்டும், வேறு யார் எழுதுவார்கள். ஒரு பக்கம்தான், வழக்கமான விஷயம்தான். நைனா முன்னால் வைத்து, பேனாவைக் கொடுத்து, கையெழுத்துக்கு விரல் வைத்து இடத்தைக் காட்டினேன்.

அவர் பேனாவைக் கீழே வைத்தார். கோபமாக இல்லை. கடையில் எடை போடுகிறவரிடம் கேட்கிற மாதிரி கேட்டார்.

"இதுல இன்னா எழுதியிருக்குது? முதல்லருந்து முழுசா படி."

படித்தேன். ஒரு வரி விடாமல் படித்தேன். முடித்ததும் இன்னொரு தடவை படிக்கச் சொன்னார்.